தோமேகிச்சியின் அண்ணி

கினுயே எங்கள் தெருவுக்கு மருமகளாக வந்த அன்று இடுப்பளவு பனி கிடந்தது. எங்கள் சலூனுக்கு நேர் எதிரே இருக்கும் மட்சு குளியல்கூடத்தின் மூத்த மகன் செய்சாகுவுக்கு அவளைப் பேசி முடித்திருந்தார்கள். கல்யாணத்துக்கு முன்னால் பெண்ணும் மாப்பிள்ளையும் ஒரே ஒரு தடவைதான் எதிரெதிரே உட்கார்ந்திருக்கிறார்கள். அன்றைக்குக் கூச்சத்தில் செய்சாகு தேநீர்க் கோப்பையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. பெண் எப்படி என்று வீட்டில் கேட்டதற்கு, "எனக்கென்ன தெரியும், கோப்பை நல்லா இருந்துச்சு" என்றானாம். அதையே சம்மதம் என்று எடுத்துக்கொண்டார்கள்.

கினுயே துறைமுகத்தில் மீன் ஏலம் விடுபவரின் மகள். நல்ல உயரம், பெரிய கைகள். அப்பாவின் தொண்டை அப்படியே அவளுக்கும் வந்திருந்தது. குளியல்கூடத்தின் ஆண்கள் வாசலுக்கும் பெண்கள் வாசலுக்கும் நடுவில், இரண்டு பக்கமும் தெரிகிற மாதிரி ஓர் உயரமான மேடை உண்டு. காசு வாங்குபவர் அதில்தான் உட்காருவார். புது மருமகள் அதில் ஏறி உட்கார்ந்து, "வாங்க, உள்ள வாங்க" என்று முதல் குரல் கொடுத்தபோது என் அப்பா ஒரு வாடிக்கையாளரின் கன்னத்தைக் கீறிவிட்டார்.

அந்த வீட்டின் கடைக்குட்டி தோமேகிச்சி. செய்சாகுவுக்குப் பிறகு வரிசையாக ஐந்து பெண்கள் பிறந்தார்கள். அடுத்ததாவது கடைசியாக இருக்கட்டும் என்று, பிறந்த பையனுக்கு 'நிறுத்து' என்று பொருள்படும்படி பெயர் வைத்தார்கள். பெயர் பலித்தது. கினுயே வந்தபோது அவனுக்குப் பதினான்கு வயது, அவளுக்கு இருபத்திரண்டு. வந்த முதல் வாரத்திலேயே அவனுடைய காதைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள்.

"இது என்னடா, காதுக்குள்ள ஒரு வயலே இருக்கு."

"அது எப்பவும் அப்படித்தான் அண்ணி."

"குளிக்கற இடம் நடத்தற வீட்டுப் பையன் காதுல அழுக்கு. வெளிய தெரிஞ்சா நம்மகிட்ட யாருடா வருவா?"

தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, அவள் நார் போட்டுத் தேய்த்த தேய்ப்பில் அவன் அலறியது எங்கள் கடைவரை கேட்டது. அன்றிலிருந்து அவள் வருகிற சத்தம் கேட்டாலே அவன் இரண்டு காதையும் பொத்திக்கொள்வான்.

பிறகு போர் வந்தது. செய்சாகுவைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அப்போது அவர்களுடைய பெண் மிச்சியே கைக்குழந்தை. அடுத்து தோமேகிச்சியும் போனான். மாமனார் இருமி இருமி ஒரு குளிர்காலத்தில் போய்ச் சேர்ந்தார். குளியல்கூடமும் குழந்தையும் மாமியார் தோக்குவும் கினுயேயின் தலையில் விழுந்தன. விறகு கிடைக்காத காலம். உடைந்த படகுப் பலகை, மீன்பெட்டி, தேய்ந்த மரச்செருப்பு என்று எரியக்கூடிய எதையும் அவள் விடவில்லை. ஒரு பொருளைப் பார்த்ததும் அது எவ்வளவு நேரம் எரியும் என்று அவள் கண் தானாகவே அளந்துவிடும். அவள் என் கடைக்குள் வந்தால் நான் நாற்காலியைப் பிடித்துக்கொண்டுதான் பேசுவேன்.

போர் முடிந்து வந்த இலையுதிர்காலத்தில் வெள்ளைத் துணி சுற்றிய ஒரு பெட்டி வந்தது. செய்சாகு பிலிப்பைன்ஸ் தீவில் இறந்துபோனான் என்றார்கள். பெட்டிக்குள் எலும்பு இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கூழாங்கல் இருந்தது. கினுயே அந்தக் கல்லைக் கழுவித் துடைத்து வீட்டுப் பூசை மாடத்தில் வைத்தாள். அன்றைக்கும் குளியல்கூடத்தைத் திறந்தாள். அவளுடைய குரல் மட்டும் கொஞ்ச நாளுக்கு ஏலத்துக்கு லாயக்கில்லாமல் இருந்தது.

அடுத்த கோடையில் தோமேகிச்சி சீனாவிலிருந்து திரும்பினான். எலும்பும் தோலுமாக வாசலில் வந்து நின்றான். மாமியார் தோக்கு அழுது தரையில் உட்கார்ந்துவிட்டாள். கினுயே மேடையிலிருந்து இறங்கி வந்து அவனை மேலும் கீழும் பார்த்தாள்.

"காதைக் காட்டு" என்றாள்.

அவன் காட்டினான். அதன் பிறகுதான் அவள் அழுதாள்.

அவன் வந்து உடம்பு தேறியதும் குடும்பக் கூட்டம் கூட்டப்பட்டது. கூட்டியவர் குன்பெய், செத்துப்போன மாமனாரின் அண்ணன். அரிசி ஆலை வைத்திருந்தார். தவிடுகூட வீணாகக் கூடாது என்பது அவருடைய கொள்கை. எல்லோரும் உட்கார்ந்து சிப்பி போட்ட மிசோ சூப் குடித்துக்கொண்டிருந்தபோது தொண்டையைச் செருமினார்.

"கினுயே நல்ல உழைப்பாளி. வெளிய அனுப்ப முடியாது. தோமேக்கு ஒரு பொண்ணு பார்த்தாகணும். அது செலவு. ரெண்டையும் ரெண்டா பார்த்தா ரெண்டு பிரச்சினை. ரெண்டு பேரையும் சேர்த்து வெச்சுட்டா ஒண்ணுமே இல்ல."

அந்தக் காலத்தில் இது புதுமை இல்லை. போருக்குப் போன அண்ணன் திரும்பாத வீடுகளில், தம்பி அண்ணியைக் கட்டிக்கொண்டு குடும்பத்தைத் தூக்கி நிறுத்துவது ஊருக்கு ஊர் நடந்தது. ஆனாலும் தோமேகிச்சிக்குச் சிப்பி தொண்டையில் சிக்கிக்கொண்டது. முகம் நீலமாகிவிட்டது. கினுயே எட்டி அவன் முதுகில் ஓர் அறை விட்டாள். சிப்பி வெளியே வந்து விழுந்தது.

"பாத்தீங்களா, பொருத்தம்" என்றார் குன்பெய்.

"பெரிய மாமா, நான் இவனுக்குக் காது கழுவி விட்டவ."

"இனிமேலும் கழுவு. யாரு வேணாம்னா?"

தோமேகிச்சி மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னான். "பெரியப்பா, இப்ப புதுச் சட்டம் வரப்போகுதாம். ஆணும் பொண்ணும் அவங்களா சம்மதிச்சாத்தான் கல்யாணமாம். வீட்டுப் பெரியவங்க முடிவு பண்றது செல்லாதாம்."

"அது டோக்கியோவுக்கு வர சட்டம்" என்றார் குன்பெய். "நம்ம ஹிமிக்கு ரயில்ல வந்து சேர நாளாகும்."

இரண்டு பேரும் யோசித்துச் சொல்கிறோம் என்று தப்பித்துக்கொண்டார்கள். மறுநாள் காலை, கொல்லைப்புறத்தில் படகுப் பலகையைப் பிளந்துகொண்டே கினுயே பேச்சை எடுத்தாள். இதைத் தோமேகிச்சியே முடிவெட்ட உட்கார்ந்திருக்கும்போது எனக்குச் சொன்னான். அவன் என்னிடம் சொல்லாதது குறைவு. நாற்காலியில் உட்கார்ந்து கழுத்தில் துணியைக் கட்டிவிட்டால் எல்லோருமே அப்படித்தான்.

"உண்மையைச் சொல்லு. உனக்கு இதுல இஷ்டமா?"

"அண்ணி, கோபப்படாதீங்க. எனக்கு உங்களைப் பார்த்தா பயம்."

"நல்லது. எனக்கு உன்னைப் பார்த்தா சிரிப்பு வருது. இதை வெச்சுக்கிட்டு எப்படிடா குடும்பம் நடத்தறது?"

அதற்கு அவளே வழியும் வைத்திருந்தாள். பெரியவர் மறுபடி கூட்டம் போடுவதற்குள் தோமேகிச்சிக்கு நல்ல பெண்ணாகப் பார்த்துக் கட்டிவைத்துவிட்டால் தீர்ந்தது. கொழுந்தனுக்குப் பெண் பார்ப்பது அண்ணியின் கடமை. குன்பெய் பெரியவராலேயே அதைத் தப்பு என்று சொல்ல முடியாது.

புகைப்படம் எடுக்க வேண்டியிருந்தது. தோமேகிச்சியிடம் ராணுவ உடுப்பைத் தவிர வேறு இல்லை. செய்சாகுவின் கல்யாணக் கோட்டைப் போட்டுவிட்டார்கள். அதற்குள் தோமேகிச்சி இரண்டு பேர் இருக்கலாம். பின்பக்கத்தைச் சேர்த்து, துணி காயப்போடும் கவ்விகளை வரிசையாக மாட்டினாள் கினுயே. படத்தில் முன்னாலிருந்து பார்த்தால் கம்பெனி அதிகாரி மாதிரி இருந்தான். முடி நான் வெட்டியது.

முதலில் பார்த்த பெண் படகு கட்டுபவரின் மகள். ஒரு நூடுல்ஸ் கடையின் மாடி அறையில் சந்திப்பு. பெண்ணின் அம்மா மிகவும் மரியாதையாக, "பிள்ளைக்கு என்ன சாப்பாடு பிடிக்கும்?" என்று கேட்டாள். தோமேகிச்சி வாயைத் திறப்பதற்குள் கினுயே ஆரம்பித்தாள்.

"எது போட்டாலும் சாப்பிடுவான். கத்திரிக்காய் ஊறுகாய்ன்னா இன்னொரு கிண்ணம் சோறு கேப்பான். பூசணிக்காய் மட்டும் தொடமாட்டான். பட்டாளத்துல அதையே போட்டிருக்காங்க. ராத்திரி பல்லைக் கடிப்பான். ஒருக்களிச்சுப் படுக்க வெச்சா நிறுத்திடுவான்."

"பிள்ளை பேசவே மாட்டாரா?"

"பேசுவான். நிறையப் பேசுவான். பேசு தோமே."

தோமேகிச்சி எழுந்து, குனிந்து வணங்கினான். முதுகிலிருந்து ஒரு கவ்வி தெறித்துச் சூப்பில் விழுந்தது. அந்த இடம் அத்தோடு போயிற்று.

இரண்டாவது, வயல் பக்கத்து ஊர்ப் பெண். சிவந்த கன்னம், நல்ல குடும்பம். பெண்ணின் அப்பா எல்லாவற்றையும் விசாரித்துவிட்டுக் கடைசியாக ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"அந்த அண்ணி எப்ப வீட்டை விட்டுப் போவாங்க?"

"நானா?" என்றாள் கினுயே. அவள் இதைப் பற்றி யோசித்ததே இல்லை. "நான் போயிட்டா மேடையில யாரு உக்காருவா?"

அதுவும் போயிற்று.

இந்தச் சமயத்தில் தோமேகிச்சி தன் பங்குக்கு ஒரு காரியம் செய்தான். அண்ணிக்கு முப்பத்திரண்டு வயதுதான் ஆகிறது. வாழ்நாள் முழுதும் மேடையில் உட்கார்ந்து காசு வாங்கிக்கொண்டே இருப்பதா என்று அவனுக்குத் தோன்றிவிட்டது. தனக்கு அவள் பெண் பார்க்கிறாள் என்றால் தான் அவளுக்கு மாப்பிள்ளை பார்ப்பதுதானே நியாயம். தபால் ஆபீஸில் வேலை பார்க்கும், மனைவியை இழந்த ஓகவாரா என்பவரை அவன் பிடித்தான். நல்ல மனிதர், சீவிய மீசை, ஓய்வூதியம் வரும். ஒரு மாலை குளியல்கூடத்துக்கு வந்து குளித்துவிட்டு, கினுயேயைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று ஏற்பாடு.

அன்று காலை குன்பெய் பெரியவரிடம் விஷயத்தைச் சொன்னபோது அவர் ஆட்சேபிக்கவில்லை. "போகட்டும். மிச்சியே மட்டும் இங்கேயே இருக்கணும். அது நம்ம வீட்டுப் பிள்ளை" என்றார். தோமேகிச்சி இதை எதிர்பார்க்கவில்லை. அன்று மதியம் முழுதும் பாய்லர் அறையில் அடுப்பைப் பார்த்துக்கொண்டே இருந்தானாம்.

ஓகவாரா வந்தார். மேடையில் இருந்த கினுயேயிடம் மிகவும் நயமாகத் தட்பவெப்பம் விசாரித்தார். நானும் அப்போது தொட்டிக்குள் இருந்தேன், அதனால் மீதியை என் உடம்பே சொல்லும். அவர் தொட்டிக்குள் இறங்கி, "ஆஹா, நல்ல தண்ணி" என்றார். கொஞ்ச நேரத்தில், "கொஞ்சம் சூடு அதிகமோ" என்றார். தண்ணீரின் சூடு ஏறிக்கொண்டே போனது. முதலில் எங்கள் தெருக் கப்பல் தச்சர் எழுந்து வெளியே போனார். அப்புறம் நான். ஓகவாரா மட்டும், பார்க்க வந்த இடத்தில் எழுந்து ஓடக் கூடாது என்று, கழுத்துவரை முங்கியபடி உட்கார்ந்திருந்தார். மீசை தொங்கிவிட்டது. கடைசியில் நாங்கள் மூன்று பேர் சேர்ந்து தூக்கியபோது அவித்த ஆக்டோபஸ் நிறத்தில் இருந்தார்.

மேடையிலிருந்து கினுயேயின் குரல் சுவர்களில் மோதி வந்தது. "தோமே, தண்ணி கொதிக்குதுடா."

பாய்லர் அறையிலிருந்து பதில் வந்தது. "காத்து இந்தப் பக்கம் அடிக்குது அண்ணி. தீ அடங்க மாட்டேங்குது."

ஓகவாரா அதன் பிறகு ஊரின் மறுகோடியில் இருக்கும் குளியல்கூடத்துக்குத்தான் போனார். தபால் ஆபீஸில் யாராவது இந்தச் சம்பந்தத்தைப் பற்றி விசாரித்தால், "நல்ல குடும்பம், ஆனா எனக்கு ரத்தக் கொதிப்பு" என்று மட்டும் சொல்வாராம்.

மிச்சியேயை விட்டுவிட்டுப் போக வேண்டும் என்ற நிபந்தனை கினுயேக்கு மாமியார் மூலம் தெரிந்தது. அவள் தோமேகிச்சியைக் கூப்பிட்டு, "இனிமே எனக்கு மாப்பிள்ளை பார்த்தேன்னா உன்னை அந்தத் தொட்டியில போட்டு மூடிடுவேன்" என்றாள். அவன் தலையை ஆட்டினான். பிறகு, விட்டுப்போன வேலையை முடிப்பதுபோல், அவனுக்கு மூன்றாவது பெண்ணைப் பார்த்தாள்.

மூன்றாவது பெண் ஃபுசாயே, சோயா சாறு வியாபாரியின் மகள். போர்க்காலத்தில் தொழிற்சாலையில் விமான உதிரிபாகம் செய்தவள், வாய் நீளம். இந்த முறை பேசவே கூடாது என்று கினுயே தனக்குத் தானே சத்தியம் செய்துகொண்டு போனாள். சத்தியத்தைக் காப்பாற்றவும் செய்தாள். ஆனால் தோமேகிச்சி ஒவ்வொரு கேள்விக்கும் அவளைத் திரும்பிப் பார்த்தான். என்ன சாப்பிட்டால் ஒத்துக்கொள்ளும் என்று கேட்டாலும் திரும்பினான், என்ன மாதம் பிறந்தீர்கள் என்று கேட்டாலும் திரும்பினான். கினுயே உதட்டைக் கடித்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தபடி, மேசைக்கடியில் விரலை மடக்கி மாதத்தைக் காட்டினாள்.

பெரியவர்கள் வழக்கம்போல் இளையவர்களைத் தனியாகப் பேசட்டும் என்று தோட்டத்துக்கு அனுப்பினார்கள். ஃபுசாயே அங்கே அவனிடம் சொன்னாள்.

"எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு. மீசை இல்ல, பெருமை அடிச்சுக்கல. ஆனா உங்களுக்கு ஏற்கெனவே கல்யாணம் ஆன மாதிரி இருக்கே."

"இல்லையே. அண்ணன்தான் கல்யாணம் ஆனவரு."

"அதைத்தான் சொல்றேன். அண்ணி இல்லாம உங்களால பிறந்த மாசத்தைக்கூடச் சொல்ல முடியல. நான் வேணாம்னு சொல்லல. நல்லா யோசிச்சுட்டுப் பதில் சொல்லுங்க."

அவன் யோசித்தான். யோசித்த வாரம் முழுதும் குளியல் தண்ணீர் ஒரு நாள் ஜில்லென்றும் ஒரு நாள் தாங்க முடியாமலும் இருந்தது. அப்போதெல்லாம் ரேடியோவில் காணாமல் போனவர்களின் பெயர்களை வாசிப்பார்கள். தேடுகிறவர்கள் கொடுத்த பெயர், கடைசியாகப் பார்த்த இடம். கப்பலில் திரும்பி வருபவர்களின் செய்தியும் வரும். என் கடையில் ரேடியோ இருந்தது. தோமேகிச்சி முடி வளராமலேயே வந்து உட்கார்ந்து அதைக் கேட்டான். கல் ஒன்று வந்த வீடு என்பதால் அண்ணன் எங்காவது உயிரோடு இருக்கலாம் என்ற எண்ணம் அவனுக்குள் இருந்தது. அவர் வர வேண்டும் என்று அவன் உண்மையாகவே விரும்பினான். வந்துவிட்டால் என்ன செய்வது என்று பயந்தான். இரண்டும் ஒரே மனிதனுக்குள் எப்படி இருக்க முடியும் என்று என்னிடம் கேட்டான். எனக்குச் சவரம் மட்டும்தான் தெரியும், அதனால் பின்கழுத்தை இன்னொரு தரம் வழித்துவிட்டேன்.

அந்த வருடக் குளிர்காலத் தொடக்கத்தில் நடந்ததை நானே நேரில் கேட்டேன். எங்கள் ஊரில் மஞ்சள்வால் மீன் கரைக்கு வரும் பருவத்தில் கடல் பக்கமிருந்து இடி இடிக்கும். அன்றும் இடித்துக்கொண்டிருந்தது, மழையும் தூறியது. குளியல்கூடம் திறக்க இன்னும் நேரம் இருந்தது. புதுத் தண்ணீரில் முதலில் இறங்க வேண்டும் என்று வாசலில் நாங்கள் ஏழு பேர் நின்றிருந்தோம். கப்பல் தச்சர் இருந்தார், வலை பின்னும் ஓஷிகா என்ற விதவைக் கிழவி இருந்தாள். உள்ளே ஆண்கள் பக்கத்தைத் தோமேகிச்சியும் பெண்கள் பக்கத்தைக் கினுயேயும் கழுவிக்கொண்டிருந்தார்கள். நடுச்சுவர் கூரைவரை போகாது. ஒரு பக்கம் இருமினால் மறுபக்கம் கேட்கும். வெளியேயும் கேட்கும் என்பதை இருவரும் மறந்துவிட்டார்கள்.

"அண்ணி."

"என்ன, சோப்பு வேணுமா?"

"சோப்பு இருக்கு."

"அப்ப தேய்."

இரண்டு பக்கமும் பிரஷ் தேய்க்கும் சத்தம்.

"ஃபுசாயே வீட்டுக்குப் பதில் சொல்லணும்."

"சொல்லேன். நல்ல பொண்ணு. வாய் கொஞ்சம் ஜாஸ்தி. உன் பங்கையும் சேர்த்துப் பேசிடுவா."

"வேணாம்னு சொல்லப் போறேன்."

பெண்கள் பக்கத்துப் பிரஷ் நின்றது. "இதுவும் வேணாமா? இனிமே நான் பொண்ணு தேடிக் கப்பல்லதான் போகணும்."

"பெரியப்பா அன்னிக்கு ஒண்ணு சொன்னாரே."

வெளியே நின்ற நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். ஓஷிகா கிழவி கதவில் காதை வைத்தாள்.

"பெரியவருக்குப் பயந்து சொல்றியா?"

"இல்ல."

"அத்தைக்காகவா?"

"இல்ல."

"மிச்சியேக்காகவா? அதுக்குன்னா வேணாம். நீ சித்தப்பாவா இருந்தாலே அதுக்குப் போதும்."

"அதுவும் உண்டு. ஆனா அது மட்டும் இல்ல." அவன் ஒரு வாளித் தண்ணீரைக் கொட்டினான். "அண்ணி, ஓகவாரா வந்த அன்னிக்குத் தண்ணி கொதிச்சது காத்தால இல்ல."

"தெரியும்" என்றாள் கினுயே. "அன்னிக்குக் காத்தே அடிக்கல."

கப்பல் தச்சர் என் காதில், "நான் அன்னிக்கே சொன்னேன்" என்றார். அவர் சொல்லவே இல்லை.

"தோமே, நான் உன்னைவிட எட்டு வயசு பெரியவ."

"தெரியும்."

"எனக்குப் பல்லு போகும்போது உனக்கு அப்படியே இருக்கும்."

"நான் மென்னு தரேன்."

"சீ." பிறகு குரலை இறக்கினாள். அவள் இறக்கினால் நம்முடைய சாதாரணக் குரல். "உங்க அண்ணன் திரும்பி வந்துட்டா?"

ஓர் இடி உருண்டு போனது.

"வந்தா நான் எழுந்து நிப்பேன். அண்ணா, உக்காருங்க, எல்லாத்தையும் பத்திரமா வெச்சிருக்கேன்னு சொல்லுவேன். சொல்லிட்டு நடந்தே சீனாவுக்குப் போயிடுவேன்."

பெண்கள் பக்கத்துப் பிரஷ் மறுபடி தேய்க்க ஆரம்பித்தது. மழை வலுத்துவிட்டது. ஓஷிகா கிழவி பொறுமை இழந்து கதவைத் தட்டினாள்.

"ஏம்மா கினுயே, சரின்னாவது சொல்லு, வேணாம்னாவது சொல்லு. இங்க ஏழு பேரு நனைஞ்சுக்கிட்டு நிக்கறோம்."

கதவு திறந்தது. கினுயேயின் கண் சிவந்திருந்தது. "சோப்புத் தண்ணி பட்டுருச்சு" என்றாள், யாரும் கேட்காமலேயே.

"பதில் என்ன?" என்றாள் கிழவி.

"உங்ககிட்டயா சொல்லணும்?"

ஆண்கள் பக்கத்திலிருந்து பிரஷும் கையுமாகத் தோமேகிச்சி எட்டிப் பார்த்தான். "என்கிட்ட?"

"உனக்கு அப்புறம். முதல்ல தொட்டியைக் கழுவி முடி. ஆளுங்க வந்தாச்சு."

புதுச் சட்டத்தில் எப்படி எழுதியிருக்கிறதோ எனக்குத் தெரியாது. ஏழு சாட்சிகள் இருந்தோம். நாங்கள் அதைச் சம்மதம் என்றே எடுத்துக்கொண்டோம்.

குன்பெய் பெரியவருக்குப் பெருமை தாங்கவில்லை. தான் சொன்னதைத்தான் இரண்டு பேரும் கேட்டார்கள் என்று ஆலைக்கு வந்தவர்களிடமெல்லாம் சொன்னார். மாமியார் தோக்கு மட்டும் பூசை மாடத்தின் முன்னால் ஊதுவத்தி ஏற்றி, நெடுநேரம் உட்கார்ந்து மூத்த மகனிடம் அனுமதி கேட்டாள். என்ன சொன்னான் என்று கேட்டதற்கு, "ஒண்ணும் சொல்லல. அவன் எப்பவும் இப்படித்தான். கோப்பையைப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பான்" என்றாள்.

கல்யாணம் வீட்டுக்குள்ளேயே நடந்தது. குன்பெய்தான் தரகர், அவர்தான் வாழ்த்துரை. இவ்வளவு சிக்கனமான மனிதர் புது வாழ்த்துரை எழுதுவாரா? முதல் கல்யாணத்துக்கு எழுதியதையே மடிப்புக் கலையாமல் வைத்திருந்தார். அதைப் பிரித்துக் கணீரென்று வாசித்தார். பெண்ணின் குணம், குடும்பத்தின் பெருமை எல்லாம் சரியாகவே பொருந்தியது. "இனி மணமகன் செய்சாகுவைப் பற்றி" என்று வாசித்துவிட்டு நின்றார். தோமேகிச்சி தரையைப் பார்த்தான்.

"படிங்க" என்றாள் தோக்கு. "அவனைப் பத்தியும் யாராவது நாலு நல்ல வார்த்தை சொல்லட்டும்."

குன்பெய் முழுவதையும் வாசித்தார். செய்சாகு அமைதியானவன், அம்மாவுக்கு அடங்கியவன், சொன்ன சொல் தவறாதவன் என்று இருந்தது. முடிந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள். எல்லோரையும்விட அதிக நேரம் தட்டியது புது மாப்பிள்ளைதான்.

கல்யாணம் முடிந்தும் அவன் அவளை அண்ணி என்றே கூப்பிட்டான். நாக்குப் பழகிவிட்டது. பெயரைச் சொல்லிக் கூப்பிடும்படி அவள் எவ்வளவோ சொன்னாள். பாய்லர் அறையில் தனியாகக் "கினுயே, கினுயே" என்று பயிற்சி செய்வான். அவள் எதிரே வந்தால் "அண்ணி, கரி தீர்ந்துபோச்சு" என்பான். அண்ணி என்றால் திரும்பிப் பார்க்கமாட்டேன் என்று ஒரு நாள் அவள் சத்தியம் செய்தாள். அவன் வேறு வழியில்லாமல், "இந்தா" என்று குரல் கொடுத்தான். பெண்கள் பக்கத்தில் குளித்துக்கொண்டிருந்த அத்தனை பேரும் "என்னங்க" என்றார்கள். அந்தச் சத்தியமும் அன்றோடு முடிந்தது. அவர்களுக்குப் பிறந்த பையன் பேசக் கற்றபோது தன் அம்மாவை முதலில் அண்ணி என்றுதான் கூப்பிட்டான். அவனைத் திருத்த ஒரு வருடம் ஆயிற்று. அவன் அப்பாவைத் திருத்த முடியவில்லை.

சண்டையும் இருந்தது. பாய்லருக்கு எண்ணெய் போடலாமா, மரத்தூளே போதுமா என்று ஒரு குளிர்காலம் முழுதும் சுவருக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகப் பேசிக்கொண்டார்கள். குளிக்க வந்தவர்கள் கட்சி பிரிந்து வாதாடினார்கள். மிச்சியேக்கு வரன் பார்க்கும் காலம் வந்தபோது, மாப்பிள்ளை வீட்டார் அனுப்பிய ஓர் ஆள், வழக்கப்படி அக்கம்பக்கத்தில் விசாரிக்க என் கடைக்கு வந்தார்.

"அந்த வீட்டுல அப்பா அம்மா ஒத்துமையா?" என்றார்.

"கேளுங்க" என்று கதவைத் திறந்துவிட்டேன். எதிரே இருவரும் எண்ணெய்க் கணக்கைப் பற்றிக் கத்திக்கொண்டிருந்தார்கள்.

அவர் கொஞ்சம் கவனித்துக் கேட்டார். "எங்க வீட்டுல பேச்சே கிடையாது" என்று பெருமூச்சு விட்டார். சம்பந்தம் முடிந்தது. பெண்ணையும் பையனையும் தனியாகப் பேச விட்டு, அவர்களுக்குச் சம்மதமா என்று தோமேகிச்சி ஐந்து தடவை கேட்டான். ஆறாவது தடவை கேட்கப் போனபோது மிச்சியே, "சித்தப்பா, போதும். பிடிச்சிருக்கு" என்றாள்.

மிச்சியே புகுந்த வீடு போன அடுத்த இலையுதிர்காலத்தில், ஊர்க் குளியல்கூடக்காரர்கள் சங்கம் வாக்குராவுக்கு ஒரு சுற்றுலா ஏற்பாடு செய்தது. வருடம் முழுதும் தண்ணீர் சுடவைப்பவர்கள் ஊர்விட்டு ஊர் போய் வெந்நீர் ஊற்றில் குளிப்பதா என்று எல்லோரும் சிரித்தோம். இருந்தாலும் போனார்கள். கினுயேக்கும் தோமேகிச்சிக்கும் தேனிலவு என்று ஒன்று நடந்ததில்லை. அதனால் இதுதான் அது என்று சங்கத்தலைவர் பேருந்தில் அறிவித்துக் கை தட்ட வைத்தார். மூட்டை தூக்க ஆள் வேண்டும் என்று என்னையும் கூட்டிக்கொண்டு போயிருந்தார்கள்.

விடுதிக்குப் போய்ச் சேர்ந்ததும் தோமேகிச்சி தண்ணீர் எங்கிருந்து வருகிறது, குழாய் என்ன அளவு என்று பார்க்கப் பின்பக்கம் போய்விட்டான். கினுயே துண்டை எடுத்துக்கொண்டு பெண்கள் குளியலுக்குப் போனாள். நடுத்தெருவில் விட்டாலும் வழிகாட்ட ஆரம்பித்துவிடுகிறவள், எங்கே யாருடைய செருப்பை ஒழுங்குபடுத்தப் போகிறாளோ என்று நாங்கள் பேசிக்கொண்டோம். வெகுநேரம் வரவில்லை. சாப்பாடு போட்டுவிட்டார்கள், அப்போதும் வரவில்லை. தோமேகிச்சிக்குக் கவலை வந்து பெண்கள் வாசல் திரைக்கு வெளியே போய் நின்றான்.

கடைசியில் அவள் வந்தாள். விடுதிக்காரர்கள் கொடுத்த பருத்தி அங்கி, ஈரத் தலை, முகமெல்லாம் சிவப்பு. அவனைப் பார்த்தும் எதுவும் அதட்டாமல் சுவரோரப் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள்.

"மயக்கமா வருதா?" என்றான்.

"இல்ல. நல்லா இருந்துச்சு. அதான்." துண்டின் நுனியால் கழுத்தைத் துடைத்துக்கொண்டாள். "நம்ம வீட்டுல எல்லாரும் குளிச்சு முடிச்சப்புறம் கடைசித் தண்ணியிலதான குளிப்போம். இருபத்தஞ்சு வருஷமா வேற தண்ணி எப்படி இருக்கும்னே தெரியாது. யாரோ காய வெச்சது, யாரோ கழுவினது. நான் பாட்டுக்கு உள்ள உக்காந்திருந்தேன். யாரும் என்னை எதுவும் கேக்கல."

தோமேகிச்சி சாப்பாட்டுக் கூடத்தைத் திரும்பிப் பார்த்தான். "மீன் ஆறிடும்" என்றான்.

"ஆறட்டும்" என்று சொல்லிவிட்டு, அவள் மறுபடியும் குளிக்கப் போனாள்.